இரண்டு பேர் போய் ஒருவர் திரும்பும் பாதை

பறவைக்கு எண்ணத் தெரியாது. படக்காரர் முப்பத்து நாலு வருஷம் காட்டுயிர்களைப் படமெடுக்கும் தொழிலில் காலம் தள்ளியது அதை நம்பித்தான்.

கூட்டிலிருந்து இருபதடி தள்ளி மண் நிறத் துணியில் ஒரு சின்னக் கூடாரம் போடுவார். மறைப்பு என்பார்கள் அதை. ஒரே ஆளாகப் போய் அதற்குள் நுழைந்தால் பறவை பார்த்துக்கொண்டே இருக்கும்; ஆள் உள்ளே இருக்கிறவரை முட்டைப் பக்கம் தலைவைத்துப் படுக்காது. அதனால் இரண்டு பேராகப் போக வேண்டும். ஒருவர் உள்ளே தங்கிவிட, மற்றவர் வெளியே வந்து, பறவை பார்க்கப் பார்க்க நடந்து போய்விட வேண்டும். ஆள் போயாச்சு என்று பறவை நம்பிவிடும். பத்து நிமிஷத்தில் கூட்டுக்கு வந்து, இறகைச் சிலுப்பிக்கொண்டு, ஒன்றுமே நடக்காததுபோல் உட்காரும்.

உள்ளே தங்கியவர் படக்காரர். நடந்து போனவர் அவருடைய மனைவி.

தங்கியவருக்குப் பரிசுகள் வந்தன, மாலைகள் வந்தன, தொலைக்காட்சியில் பேட்டி வந்தது. நடந்து போனவருக்கு என்ன வரும்? கால்வலி வந்தது. யாராவது அந்த அம்மாளிடம், "நீங்க என்ன வேலை பாக்கறீங்க?" என்று கேட்டால் சிரிக்காமல் பதில் சொல்வார். "எங்க வீட்ல ரெண்டு பேருக்கும் வேலை இருக்கு. அவருக்கு உக்கார்ற வேலை. எனக்குப் போற வேலை."

போகிற வேலை என்றால் கையை வீசிக்கொண்டு போவதில்லை. அதற்கும் படக்காரர் சட்டதிட்டம் வைத்திருந்தார். ஓடக் கூடாது. போன பிறகு திரும்பி வரவே கூடாது. வந்தால் அன்றைய நாள் போச்சு. பறவை பயந்து குரல் கொடுத்தால் நின்ற இடத்தில் நின்றபடியே நிற்க வேண்டும், அது அடங்குகிறவரை. அப்புறம் முதுகைக் காட்டாமல் பின்னாலேயே நடந்து விலக வேண்டும். கல்யாணமான புதிதில் அவர் இதையெல்லாம் மொட்டை மாடியில் வைத்துச் சொல்லிக் கொடுத்தார். பக்கத்து வீட்டுக்காரர்கள் புதுப்பெண்ணுக்கு என்னவோ ஆகிவிட்டது என்று நினைத்தார்களாம்.

அந்த அம்மாள் போய் எட்டு மாதம் ஆகிறது. இந்த முறை நிஜமாகவே போய்விட்டார்.

இப்போது படக்காரர் தன் வீட்டு மேஜைமுன் உட்கார்ந்திருந்தார். எதிரே கணினி, அதில் செருகிய ஹார்ட் டிஸ்க். அவர் எடுத்த கடைசிப் படத்தின் காட்சிகள் அத்தனையும் அதற்குள் இருந்தன. இன்னும் ஒரு மணி நேரத்தில் அதைக் கொண்டுபோய் மகளிடம் கொடுக்க வேண்டும். மகள் படத்தொகுப்பாளர், விளம்பரம், தொடர் என்று ஊரார் படத்தையெல்லாம் வெட்டி ஒட்டுகிறவள், அப்பாவின் படத்தை இதுவரை தொட்டதில்லை. இப்போது அவளே கேட்டிருந்தாள். "அம்மா கடைசியா வேலை செஞ்ச படம்பா. வேற யாரும் வெட்ட வேண்டாம். நான் பாத்துக்கறேன்."

டிஸ்க்கில் 'பின்பக்கம்' என்று ஒரு கோப்புறை இருந்தது. அதற்குள் இருபத்தாறு படத் துண்டுகள். அவர் மவுஸை நகர்த்தி அம்புக்குறியை அந்த உறையின்மேல் வைத்தார். ஒரு பொத்தானை அழுத்தினால் போதும். மகள் கண்ணில் படாது.

அழுத்தினால் மனைவியின் கடைசி நடமாட்டமும் போய்விடும். கல்யாணப் படத்துக்கு அப்புறம் அவர் மனைவியைப் படமெடுத்தது இந்த இருபத்தாறு துண்டுகளில்தான். முப்பத்து நாலு வருஷத்தில் நீர்நாயை எடுத்தார், வௌவாலை எடுத்தார், ஓர் ஆந்தைக் குடும்பத்துக்குப் பதினோரு மாதம் கொடுத்தார். வீட்டில் இருந்தவளை எடுக்கத் தோன்றவில்லை. அவள் எங்கே போய்விடப் போகிறாள் என்ற நினைப்புதான்.

கடைசிப் படத்துக்கு ஆள்காட்டியை எடுக்கலாம் என்று சொன்னதே அந்த அம்மாள்தான். ஆள்காட்டி அபூர்வமான பறவை இல்லை. வெட்டவெளியில், சரளைக் கல் நடுவே, கூடு என்று சொல்ல வெட்கப்பட வேண்டிய ஒரு பள்ளத்தில் நாலு முட்டை இடும். யாராவது அந்தப் பக்கம் வந்தால் கத்தி ஊரைக் கூட்டும். அதனால்தான் அதற்கு அந்தப் பெயர்.

"இத்தனை வருஷம் மலை மலையா ஏறியாச்சு," என்றார் அந்த அம்மாள். "ஒரு தடவையாவது ரோட்டுப் பக்கத்துல இருக்கறதை எடுங்களேன். வண்டியை நிறுத்திட்டு ரெண்டு எட்டு வெச்சா வந்துடணும்."

"என்ன, வயசாயிடுச்சா உனக்கு?" என்று கேலி செய்தார் படக்காரர்.

"உங்களுக்கு மட்டும் குறையுதாக்கும்."

ஏரிக்கரைக்கு அப்பால், கட்டடம் கட்டுவதாகச் சொல்லிக் கைவிட்ட மனைப் பகுதி ஒன்றில் கூடு கிடைத்தது. மறைப்பிலிருந்து ஒற்றையடிப் பாதை ஒன்று ஒரு மின்கம்பம்வரை போய் அங்கே வளைந்தது. வளைவுக்கு அந்தப் பக்கம் வண்டி. ஆள்காட்டி எதற்கெல்லாம் கத்துகிறது என்று பிறகு தெரிந்துகொள்ள, படக்காரர் மறைப்பின் பின்பக்கத் துணியில் ஒரு துளை போட்டு, சின்ன கேமரா ஒன்றைப் பாதையைப் பார்த்து வைத்தார். காலையில் மனைவி வெளியேறியதும் அதை ஓடவிடுவார். துளை வழியே பத்துப் பதினைந்து அடி அவள் நடப்பதைப் பார்ப்பார். பிறகு முன்பக்கம் திரும்பிப் பறவையில் கண்ணைப் பதித்துவிடுவார். ஆள் விலகியபின் வருகிற அந்தப் பத்து நிமிஷம்தான் அவருக்கு உயிர். சின்ன கேமரா தன்பாட்டுக்கு ஓடி, தன்பாட்டுக்கு நின்றுவிடும்.

ஒன்பதாம் நாள் அவர் அதைக் கண்டார். மனைவியின் இடது கால் இழுத்தது.

வேறு யாருக்கும் தெரிந்திருக்காது. செருப்பு நுனி புழுதியில் ஒரு விரல் நீளத்துக்குக் கோடு போட்டது, அவ்வளவுதான். ஆனால் இவர் யார்? நரி நொண்டுவதை அரை மைல் தூரத்திலிருந்து சொல்கிறவர். கூட்டாளிகள் இவருக்குக் கொக்கு என்று பெயர் வைத்ததே அந்தக் கண்ணுக்காகவும் பொறுமைக்காகவும்தான். குறிப்பேட்டை எடுத்தார். வழக்கப்படி நேரம் போட்டு எழுதினார்: 'இடது கால் இழுப்பு. லேசாக.' மறுநாளும் எழுதினார். அதற்கு மறுநாள் 'லேசாக' என்பதை விட்டுவிட்டார்.

வாயைத் திறந்து கேட்டாரா? கேட்கவில்லை. அங்கேதான் மனுஷன் சறுக்கினார். கேட்டால் டாக்டர் என்பார்கள், பரிசோதனை என்பார்கள், ஓய்வெடு என்பார்கள். பிறகு யார் கூட வந்து, யார் திரும்பி நடப்பது? பறவை அவளுடைய நடைக்குப் பழகிவிட்டது. புது ஆள் வந்தால் முட்டையை விட்டே போய்விடலாம். குஞ்சு பொரிய இருபத்தெட்டு நாள். ஒன்பது போனால் பத்தொன்பது. பத்தொன்பது நாள்தானே என்று நினைத்தார். சுளுக்காக இருக்கும் என்றும் நினைத்துக்கொண்டார். நமக்கு வேண்டியதை நம்புவதற்குப் பறவையாகத்தான் பிறக்க வேண்டும் என்று இல்லை.

இருபத்தோராம் நாள் ஒரு தொல்லை நடந்தது. மனைவி போய்ச் சில நிமிஷம்தான் ஆகியிருக்கும். பெண் பறவை முட்டைமேல் உட்காரப் போன நேரத்தில் வீறிட்டுக் கத்திக்கொண்டு எழுந்து ஓடியது. ஆண் பறவையும் சேர்ந்துகொண்டது. நாலு நிமிஷம் ஒரே களேபரம். வெயில் ஏறுகிற நேரம். முட்டை திறந்து கிடந்தது. படக்காரர் உள்ளே பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

மாலையில் வண்டியில் ஏறியதும் வெடித்தார். "காலைல பாதையில யார் வந்தது? எந்த முட்டாள் வந்து நின்னான்? முட்டை வெந்திருக்கும் தெரியுமா?"

மனைவி ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். "நான் யாரையும் பாக்கலையே," என்றார். கொஞ்சம் பொறுத்து, "நாயா இருக்கும்," என்றார்.

பின்பக்கத் துண்டை ஓட்டிப் பார்த்திருந்தால் யாரென்று தெரிந்திருக்கும். அதற்காகத்தானே கேமரா வைத்தது? ஆனால் அந்தத் துண்டுகளை அவர் ஒருநாளும் திறக்கவில்லை. திறந்தால் கால் தெரியும். அதனால் குறிப்பேட்டில் எழுதி முடித்துக்கொண்டார்: '7.12. பறவை எழுந்தது. நாலு நிமிஷம் வீண். காரணம் தெரியவில்லை.'

இருபத்தெட்டாம் நாள் நாலு குஞ்சும் பொரிந்தன. அவர் வாழ்நாளில் எடுத்த காட்சிகளிலேயே அதுதான் உச்சம். தாய் இறக்கையைத் தூக்கிக் கொடுக்க, பஞ்சுருண்டை மாதிரி ஒவ்வொன்றாக உள்ளே நுழைந்தன. இரண்டு நாள் கழித்துச் சமையலறையில் மனைவியின் கையிலிருந்து டம்ளர் விழுந்தது. எடுக்கக் குனிந்தவர் எழுந்திருக்கவில்லை.

மண்டைக்குள் கட்டி. மருத்துவமனையில் நாற்பத்து மூன்று நாள். "ஒரு மாசம் முன்னாடி வந்திருந்தா?" என்று படக்காரர் டாக்டரைக் கேட்டார். டாக்டர் நல்ல மனிதர். நேராகப் பதில் சொல்லவில்லை. "சீக்கிரம் வந்தா எப்பவுமே நல்லது," என்று மட்டும் சொல்லிவிட்டு அடுத்த படுக்கைக்குப் போனார்.

வெளியே நடைவழியில், இரும்பு நாற்காலியில் மகள் உட்கார்ந்திருந்தாள். அழுது வீங்கிய முகத்தோடு கேட்டாள். "அப்பா, உங்க கண்ணுக்கு எதுவுமே தப்பாதே. நீங்க கூடவா எதுவும் கவனிக்கல?"

"இல்ல பாப்பா," என்றார் அவர்.

அந்த ஒரு சொல்தான் எட்டு மாதமாக அவருடைய தொண்டையில் மாட்டிக்கொண்டிருந்தது. அந்தக் கட்டடத்துக்குள்ளும் இரண்டு பேராகப் போய் ஒருவராகத்தான் திரும்பினார். இந்த முறை நடந்து வெளியே வந்தவர் அவர்.

பொத்தான்மேல் வைத்த விரலை அவர் எடுத்துவிட்டார். அழிக்க மனம் வரவில்லை. காட்டவும் தைரியம் இல்லை. இருபத்தெட்டு நாள் காட்சிக்கு நடுவே இருபத்தாறு சின்னத் துண்டுகள்; மகளுக்கு வேலை தலைக்குமேல்; ஒருவேளை கண்ணில் படாமலே போய்விடும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். குறிப்பேட்டையும் டிஸ்க்கையும் ஒரே பையில் போட்டுக் கொண்டுபோய்க் கொடுத்தார். "எல்லாம் இருக்கா?" என்றாள் மகள். "எல்லாம் இருக்கு," என்றார்.

தினமும் இரண்டு தடவை போன் பண்ணுகிறவள் பத்து நாள் பண்ணவில்லை. அவர் பண்ணினால், "வேலையா இருக்கேன்பா," என்று வைத்துவிட்டாள். பதினோராம் நாள் காலை அவளே கூப்பிட்டாள். "வாங்கப்பா. ஒண்ணு பாக்கணும்."

படத்தொகுப்பு அறை என்றால் பெரிதாக நினைக்க வேண்டாம். ஒரு பல் மருத்துவமனையின் மாடியில், சன்னல் இல்லாத அறை. சுவரெல்லாம் கறுப்புப் பஞ்சு ஒட்டியிருந்தது. இரண்டு திரை, ஒரு சுழல் நாற்காலி, ஆறிப்போன டீ. மகள் அவருக்குச் சுழல் நாற்காலியைக் கொடுத்துவிட்டு ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டாள். குறிப்பேடு மேஜைமேல் திறந்தே கிடந்தது. எந்தப் பக்கம் என்று அவர் பார்க்காமலே தெரிந்துகொண்டார்.

"ஒன்பதாம் நாள்," என்றாள் மகள். "நீங்களே எழுதியிருக்கீங்க. உங்க கையெழுத்து."

"ஆமா."

"நான் கேட்டேன்ல. ஆஸ்பத்திரில வெச்சுக் கேட்டேன்ல."

"கேட்ட."

"பொய் சொன்னீங்க."

"சொன்னேன், பாப்பா. பத்தொன்பது நாள்தானேன்னு நெனச்சேன். பொரிஞ்சதும் கூட்டிட்டுப் போலாம்னு. வேற ஒண்ணும் சொல்றதுக்கு இல்ல. என்ன வேணா திட்டு."

மகள் திட்டவில்லை. திட்டியிருந்தால் அவருக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும். "அழுது முடிச்சாச்சுப்பா. பத்து நாள் அதைத்தான் பண்ணினேன்," என்றாள். "இப்ப அதுக்கு உங்களைக் கூப்பிடல. இந்தத் துண்டெல்லாம் நீங்க முழுசாப் பாத்திருக்கீங்களா?"

"இல்ல. ஒண்ணுகூடப் பாக்கல."

"எனக்குத் தெரியும். பாத்திருந்தா எங்கிட்ட கொடுத்திருக்க மாட்டீங்க." அவள் ஒரு துண்டைத் திரையில் ஏற்றினாள். கீழே மூலையில் நேரம் ஓடியது. காலை ஏழு மணி ஆறு நிமிஷம். "இருபத்தோராம் நாள்."

திரையில் பாதை. மனைவி மறைப்பிலிருந்து விலகி நடந்தாள். அந்தப் பழைய நீலச் சட்டை, தோளில் தண்ணீர்ப் பை. இடது கால் கோடு போட்டுக்கொண்டே போயிற்று. இப்போது ஒரு விரல் நீளம் இல்லை, ஒரு சாண். பத்து அடி, பதினைந்து அடி. இதுவரைதான் அவர் அன்றைக்குப் பார்த்தது. இதற்கு மேல் அவர் பார்க்காத காட்சி.

மின்கம்பத்துக்குப் போய் அவள் நின்றாள். கம்பத்தைப் பிடித்துக்கொண்டு குனிந்து, தன் காலையே பார்த்தாள். கையால் தொடையில் இரண்டு தட்டுத் தட்டினாள், தூங்குகிற குழந்தையை எழுப்புகிற மாதிரி. பிறகு நிமிர்ந்து திரும்பினாள். மறைப்பைப் பார்த்தாள்.

"தினம் நிக்கறாங்கப்பா," என்றாள் மகள், குரல் இறங்கி. "எல்லாத் துண்டுலயும். கம்பத்துக்கிட்டப் போய், திரும்பி, கொஞ்ச நேரம் இந்தப் பக்கம் பாத்துட்டுத்தான் போறாங்க. மொதல்ல அஞ்சு செகண்டு. போகப் போக ஒரு நிமிஷம். ஆனா இதுல பாருங்க."

மனைவி கம்பத்தை விட்டாள். மறைப்பை நோக்கித் திரும்பி நடந்து வந்தாள்.

முப்பத்து நாலு வருஷத்தில் ஒரு தடவைகூட அவள் திரும்பி வந்ததில்லை. திரும்பக் கூடாது என்று சொன்னால் திரும்பாதவள். இப்போது ஒரு கையால் இடது தொடையைத் தாங்கிக்கொண்டு, ஒவ்வோர் அடியாக வந்தாள். முகம் பெரிதாகிக்கொண்டே வந்தது. பயந்திருந்தாள். வாய் ஏதோ சொல்லப் பார்த்தது. பாதித் தூரம் வந்துவிட்டாள்.

அப்போது ஒலிபெருக்கியில் ஆள்காட்டி வீறிட்டது.

அவள் அப்படியே நின்றுவிட்டாள். கல்லாக நின்றாள், மொட்டை மாடியில் அவர் சொல்லிக் கொடுத்தபடியே. தூக்கிய கையைக்கூட இறக்கவில்லை. பறவை கத்தியது, நிறுத்தியது, மறுபடி கத்தியது. பாரம் முழுவதும் இடது காலில் இருந்தது. கால் நடுங்குவது திரையில் தெளிவாகத் தெரிந்தது. மூலையில் நேரம் ஓடிற்று. ஏழு பன்னிரண்டு. ஏழு பதின்மூன்று. ஏழு பதினான்கு.

"நாலு நிமிஷம் பதினோரு செகண்டு," என்றாள் மகள். "நாலு நிமிஷம் வீண்னு எழுதியிருக்கீங்க."

படக்காரருக்கு வண்டியும், ஜன்னல் பக்கம் திரும்பியிருந்த தலையும் ஞாபகம் வந்தன. நாயாக இருக்கும் என்றாளே. எந்த முட்டாள் என்று அவர் கத்தியதைக் கேட்டுக்கொண்டு, தன்னைத்தானே நாய் என்றாள்.

"என்ன சொல்ல வந்திருப்பாங்கப்பா?"

"என்னைக் கூட்டிட்டுப் போங்கன்னு," என்றார் அவர்.

திரையில் பறவை அடங்கியிருந்தது. மனைவி இன்னும் ஒரு நிமிஷம் பொறுத்தாள். அது முட்டைமேல் உட்காரட்டும் என்று பொறுத்திருப்பாள். பிறகு, முதுகைக் காட்டாமல், பின்னாலேயே ஓர் அடி வைத்தாள். அந்தக் காலோடு.

படக்காரர் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார். தும்மலைக்கூட விழுங்கி வாழ்ந்த மனுஷன், மறைப்புக்குள் தேள் கொட்டியபோதும் சத்தம் போடாதவர், அந்தப் பஞ்சடித்த அறையில், கீழே பல் பிடுங்கிக்கொண்டிருந்தவர்களுக்கெல்லாம் கேட்கும்படி கத்தினார்.

"பறவை போனாப் போகுது! நீ வா! இங்க வாம்மா!"

மகள் படத்தை நிறுத்தவில்லை. திரையில் அவள் சத்தமில்லாமல், ஓர் அடி, இன்னோர் அடி என்று பின்னாலேயே நடந்து மின்கம்பம்வரை போனாள். வளைவில் திரும்பி மறைந்தாள். பாதையில் யாரும் இல்லை. ஆள் போயாச்சு என்று ஆள்காட்டி நம்பிவிட்டது.